சறுக்கியே மேலே போனவர்

1924. பிரான்ஸில் ஷாமொனி என்கிற மலை ஊர். சரித்திரத்தின் முதல் குளிர்கால ஒலிம்பிக்ஸ். பெண்களுக்கான ஃபிகர் ஸ்கேட்டிங் போட்டி. நார்வேயிலிருந்து வந்த 11 வயதுச் சிறுமி ஐஸ் மேல் நன்றாகத்தான் சுழன்றுகொண்டிருக்கிறாள். திடீரென்று நிறுத்திவிட்டு ஓரமாகச் சறுக்கிப் போகிறாள். அங்கே நிற்கும் பயிற்சியாளரிடம் ஒரு சந்தேகம் கேட்கிறாள். ‘அடுத்தது என்ன?’

ஒத்திகையில் அல்ல. ஒலிம்பிக்ஸில்தான். நடுவர்கள் கையில் பென்சிலோடு உட்கார்ந்திருக்கும்போதுதான்.

மொத்தம் எட்டுப் பேர் கலந்துகொண்டார்கள். அந்தச் சிறுமிக்கு எட்டாவது இடம்.

வழக்கமாக இந்த மாதிரிக் கதைகளில் அடுத்த வரி ‘ஆனால் அவள் மனம் தளரவில்லை’ என்று வரும். சோன்யா ஹேனி விஷயத்தில் அந்த வரி வேண்டாம். மனம் தளர்வது எப்படி என்று அவருக்குத் தெரியாது. அவருடைய அப்பா மற்ற எல்லாவற்றுக்கும் வாத்தியார் வைத்திருந்தார், அதற்கு மட்டும் வைக்கவில்லை.

அப்பா வில்ஹெல்ம் ஹேனி, இன்று ஆஸ்லோ என்று சொல்லும் ஊரில் ஃபர் கோட் வியாபாரி. வருஷத்தில் பாதி நாள் பல் கிட்டிக்கும் ஊரில் ஃபர் கோட் விற்றால் வியாபாரம் எப்படி இருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். அதோடு மனிதர் 1894இல் சைக்கிள் பந்தயத்தில் உலக சாம்பியன் வேறு. கையில் பணமும் இருந்து, பழைய மெடலும் இருந்து, சுட்டியான ஒரு மகளும் இருந்துவிட்டால் ஒரு தகப்பன் என்னவெல்லாம் செய்வார்? அதையெல்லாம் செய்தார்.

மகள் பிறந்தது 1912 ஏப்ரல் 8. இரண்டே நாள் கழித்து இங்கிலாந்திலிருந்து டைட்டானிக் கிளம்பியது. ஆக, அந்த ஒரு வாரத்தில் பனிக்கட்டியால் உலகப் புகழ் அடையவிருந்தவர்கள் இரண்டு பேர். ஒருவர் மட்டும்தான் மிதந்தார்.

ஸ்கேட்டிங்குக்குக் கோச், நடனத்துக்கு ரஷ்ய பாலே உலகின் பெரிய பெயரான தமாரா கர்சாவினா, படிப்புக்கு வீட்டுக்கே வரும் டீச்சர், போகிற ஊருக்கெல்லாம் கூடவே அம்மா, டிக்கெட்டையும் ஹோட்டலையும் பார்த்துக்கொள்ள அப்பா. இன்று டென்னிஸ் வீராங்கனைகளைச் சுற்றி ‘டீம்’ என்று ஒரு கூட்டம் உட்கார்ந்திருக்கிறதே, அதை நூறு வருஷத்துக்கு முன்பே ஒரு குடும்பம் நடத்திக் காட்டியிருக்கிறது. சம்பளம்தான் யாருக்கும் தனியாகக் கிடையாது. கல்லா ஒன்றுதான்.

அந்தக் காலத்து ஸ்கேட்டிங் போட்டியை இன்றைக்கு டிவியில் பார்க்கும் மினுமினுப்பு சமாசாரமாகக் கற்பனை செய்துகொள்ளாதீர்கள். மொத்த மார்க்கில் சுமார் 60 சதவீதம் கம்பல்சரி ஃபிகர்ஸ் என்ற அறுவைக்கு. ஆர்.டி.ஓ. ஆபீஸில் டூவீலர் லைசென்ஸுக்கு எட்டு போடச் சொல்வார்களே, அதேதான். என்ன, இங்கே ஒற்றைக் காலில் போட வேண்டும். போட்ட கோட்டின் மேலேயே திரும்பத் திரும்பப் போட வேண்டும். மயிரிழை விலகக் கூடாது. முடிந்ததும் கோட்டும் தொப்பியும் போட்ட நடுவர்கள் ஐஸ் மேல் பவ்யமாக நடந்து வந்து, குனிந்து, சிலர் மண்டியிட்டே, பிளேடு கீறிய கோட்டை ஆராய்வார்கள். கைரேகை நிபுணர்கள் தோற்றார்கள். இசை கிடையாது, கைதட்டல் கிடையாது. ஸ்டேடியமே கொட்டாவி விடும்.

சோன்யா அந்த எட்டுகளையும் ஒழுங்காகவே போட்டார். ஆனால் ஜனங்கள் காசு கொடுத்து வருவது எட்டைப் பார்க்க அல்ல என்ற தொழில் ரகசியம் அவருக்குச் சின்ன வயதிலேயே புரிந்துவிட்டது. கூட்டத்துக்குப் பிடித்ததெல்லாம் மிச்சம் 40 சதவீதத்தில்தான் இருந்தது. சுழற்சி, தாவல், பாலே, ஒரு புன்னகை. குறிப்பாக அந்தப் புன்னகை.

அப்புறம் அந்தப் பாவாடை.

அதுவரை பெண்கள் கணுக்காலைத் தொடாத குறைக்கு நீளப் பாவாடையும் கறுப்பு பூட்ஸும் போட்டுக்கொண்டு, ஏதோ துக்கத்துக்குப் போகிற வழியில் சறுக்கி விழுந்தவர்களைப்போல ஸ்கேட்டிங் செய்துகொண்டிருந்தார்கள். சோன்யா முழங்காலுக்கு மேல் நிற்கும் குட்டைப் பாவாடையில் வந்தார். 11 வயதில் யாரும் ஒன்றும் சொல்லவில்லை, குழந்தைதானே. குழந்தை வளர்ந்தது, பாவாடை வளரவில்லை. முணுமுணுத்தவர்கள் முணுமுணுத்துவிட்டு, அடுத்த சீசனில் அவர்களும் டெய்லரிடம் போனார்கள்.

பூட்ஸும் அப்படியே. கறுப்பை விட்டு வெள்ளைக்கு மாறினார். வெள்ளை பூட்ஸ் ஐஸோடு ஐஸாகக் கலந்துவிடும், கால் இன்னும் நீளமாகத் தெரியும். ஊரே வெள்ளைக்கு மாறிய பிறகு இவர் பழுப்புக்குத் தாவிவிட்டார் என்று சொல்வார்கள். நம்பலாம் என்றே நினைக்கிறேன். ஒரு கூட்டத்தில் தான் தனியாகத் தெரியவில்லை என்றால் அவருக்கு அது கூட்டமே அல்ல.

இப்போது 1927க்கு வருவோம். உலக சாம்பியன்ஷிப் போட்டி ஆஸ்லோவில், அதாவது சொந்த ஊரில். எதிரே ஆஸ்திரியாவின் ஹெர்மா சாபோ. லேசுப்பட்ட ஆள் அல்ல. ஷாமொனியில் தங்கம் வாங்கியவர், தொடர்ந்து ஐந்து முறை உலக சாம்பியன். சோன்யாவுக்கு வயது 14. ஐந்து நடுவர்கள். மூன்று ஓட்டு சோன்யாவுக்கு, இரண்டு சாபோவுக்கு. உலகமே மெச்சும் புதிய சாம்பியன் உதயம்!

அந்த மூன்று நடுவர்களும் எந்த நாட்டுக்காரர்கள் என்று கேட்கிறீர்களா? உங்களுக்கு எதற்கு இந்த வம்பு. சரி, கேட்டுவிட்டீர்கள். மூன்று பேரும் நார்வேக்காரர்கள்.

மிச்சம் இரண்டு பேரில் ஒருவர் ஆஸ்திரியர், ஒருவர் ஜெர்மானியர். எனவே எதிர்த்தரப்பும் ஒன்றும் துறவிகள் அல்ல. சாபோ வெறுத்துப்போய்ப் பந்தயத்துக்கே முழுக்குப் போட்டார். சர்வதேச சங்கம் திடுக்கிட்டு விழித்து, இனி ஒரு நாட்டுக்கு ஒரே ஒரு நடுவர்தான் என்று விதி கொண்டுவந்தது. சோன்யா ஸ்கேட்டிங்குக்கு அளித்த கொடைகளைப் பட்டியல் போடுபவர்கள் பாவாடையையும் பூட்ஸையும் எழுதுகிறார்கள். இந்த விதியை ஏனோ மறந்துவிடுகிறார்கள்.

நியாயமாகச் சொல்ல வேண்டும். அதற்குப் பிறகு அவர் ஜெயித்ததற்கெல்லாம் உள்ளூர் மாமாக்களின் தயவு தேவைப்படவில்லை. 1927 முதல் 1936 வரை வரிசையாகப் பத்து உலக சாம்பியன் பட்டம். 1928, 1932, 1936 என்று மூன்று ஒலிம்பிக் தங்கம். ஐரோப்பிய பட்டம் ஆறு. பெண்கள் தனிப் பிரிவில் அந்தப் பத்தையும் மூன்றையும் இன்றுவரை யாரும் முறியடிக்கவில்லை. அவர் தாண்டியதையெல்லாம் இன்று பள்ளிக்கூடப் பிள்ளைகள் அநாயாசமாகத் தாண்டுகிறார்கள், அது வேறு விஷயம். இன்றைய பிள்ளைகள் யாரும் பத்து வருஷம் தோற்காமல் இருந்ததில்லை.

இத்தனைக்கும் அவர் அமெச்சூர். காசு வாங்கினால் ஒலிம்பிக் கதவு சாத்தப்படும். சோன்யா குடும்பம் காசு வாங்கவில்லை. ‘செலவு’தான் வாங்கியது. எந்த ஊரில் காட்சி நடத்தக் கூப்பிட்டாலும் அப்பா வில்ஹெல்ம் பயணச் செலவு, தங்கும் செலவு, சில்லறைச் செலவு என்று கணக்கு நீட்டுவார் என்றும், அந்தச் சில்லறை ரொம்பக் கனமாக இருக்கும் என்றும் ஊர் பேசியது. மெடலுக்கு ஆசைப்பட்டவர்கள் மகளோடு மோதினார்கள். பணத்தோடு வந்தவர்கள் அப்பாவோடு மோதினார்கள். இரண்டு பேரையும் ஜெயித்தவர் இல்லை.

1936இல் வயது 23. பின்னாலேயே இங்கிலாந்தின் செசிலியா காலெட்ஜ் என்ற 15 வயதுப் பெண் மூச்சு விடும் தூரத்தில் வந்துகொண்டிருந்தார். கார்மிஷ் ஒலிம்பிக்ஸில் எட்டு போடும் சுற்று முடிந்து, மார்க் பட்டியலைச் சுவரில் ஒட்டினார்கள். தனக்கும் அந்தச் சின்னப் பெண்ணுக்கும் மூன்று சொச்சம் புள்ளிகள்தான் வித்தியாசம் என்று பார்த்த சோன்யா, பட்டியலைச் சுவரிலிருந்து கிழித்தே எறிந்துவிட்டாராம். கவனியுங்கள், அப்போதும் முதலிடம் அவருக்குத்தான். முதலிடத்தில் இருந்துகொண்டே மார்க் ஷீட்டைக் கிழித்த ஒரே மாணவி.

இந்த இடத்தில் கொஞ்சம் சிரிப்பை நிறுத்திக்கொள்ள வேண்டியிருக்கிறது. அந்த ஒலிம்பிக்ஸ் நடந்தது ஜெர்மனியில். நடத்தியவர் யார் என்று உங்களுக்குத் தெரியும்.

ஒலிம்பிக்ஸுக்குக் கொஞ்சம் முன்னால் பெர்லினில் ஒரு காட்சி. ஹிட்லர் நேரில் வந்து உட்கார்ந்திருக்கிறார். சோன்யா நேராக அவர் எதிரே சறுக்கிப் போய் நின்று, கையை நீட்டி நாஜி வணக்கம் வைத்தார். கூட்டம் ஆர்ப்பரித்தது. மறுநாள் நார்வே பத்திரிகைகள் கொதித்தன. இந்தப் பெண் என்ன நாஜியா?

சோன்யாவை நாஜி என்று சொல்வது அவருக்கு இல்லாத ஒரு தகுதியைக் கொடுப்பதாகும். நாஜி என்றால் ஒரு கொள்கையாவது படித்திருக்க வேண்டும். அவர் படித்தது கூட்டத்தை மட்டும்தான். முன்வரிசையில் யார் பெரிய ஆளோ அவருக்கு ஒரு கும்பிடு. அது இங்கிலாந்து ராஜாவாக இருந்தால் குனிந்து வணங்குவார், ஹிட்லராக இருந்தால் கை நீட்டுவார். இது அவருக்கு ஆதரவாகச் சொல்வதல்ல. எதிரே உட்கார்ந்திருப்பவர் யார் என்று பார்க்காமல், உட்கார்ந்திருக்கும் நாற்காலியை மட்டும் பார்ப்பது ஒருவகையில் இன்னும் மோசம்.

பத்திரிகைகளின் வசவு கொஞ்சம் வேலை செய்தது. ஒலிம்பிக்ஸில் அந்த வணக்கத்தை அவர் திரும்ப வைக்கவில்லை. ஆனால் போட்டி முடிந்ததும் ஹிட்லரின் மலை வீட்டிலிருந்து மதிய விருந்துக்கு அழைப்பு வந்தது. போனார். சாப்பிட்டார். ஹிட்லர் தன் போட்டோவில் நீளமாக ஏதோ எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். வாங்கிக்கொண்டார். அந்த போட்டோவைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு ஒரு ரோல் இருக்கிறது.

பத்தாவது உலகப் பட்டத்தையும் வாங்கி முடித்த கையோடு சோன்யா அமெச்சூர் வாழ்க்கைக்கு டாட்டா காட்டினார். அடுத்த ஊர் ஹாலிவுட்.

சாதாரணமாக ஹாலிவுட்டுக்குப் போகிறவர்கள் ஸ்டுடியோ வாசலில் நிற்பார்கள். ஹேனி குடும்பம் ஸ்டுடியோக்காரர்களைத் தன் வாசலுக்கு வரவழைத்தது. அப்பா வில்ஹெல்ம் ஹாலிவுட்டின் போலார் பேலஸ் என்ற ஸ்கேட்டிங் அரங்கத்தையே வாடகைக்கு எடுத்தார். மகளின் ஷோ என்று விளம்பரம் செய்தார். நட்சத்திரங்கள் குவிந்தார்கள். ட்வென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸின் சர்வாதிகாரி டாரில் ஸானக் வலையில் விழுந்தார்.

ஸானக் முதலில் பெருந்தன்மையாகச் சொன்னது, ஒரு காமெடிப் படத்தில் நடுவே ஒரு ஐஸ் டான்ஸ் வைத்துக்கொள்ளலாம் என்பது. அதாவது ஒரு பாட்டுக்கு ஆட்டம். வந்து இறங்கிய நடிகை, ஒரு படத்தில்கூட நடித்திராத நடிகை, ஆங்கிலத்தில் நார்வே வாடை கும்மென்று வீசும் நடிகை என்ன சொல்லியிருக்க வேண்டும்? ‘நன்றி சார்.’ சோன்யா சொன்னது: கதாநாயகி என்றால் பேசலாம். ஒன்றிரண்டு படம் அல்ல, ஒப்பந்தமே கதாநாயகியாகத்தான்.

உண்மையில் ‘ஒரு படத்தில்கூட நடித்திராத’ என்பதும் முழுக்கச் சரியல்ல. 1927இல் நார்வேயில் ஒரு மௌனப் படத்தில் தலைகாட்டியிருக்கிறார். அந்தப் படத்தை வைத்துக்கொண்டு பேரம் பேசியிருந்தால் ஸானக் தப்பித்திருப்பார்.

சரி, நடிப்பு எப்படி? கொஞ்சம் நிதானமாகச் சொல்லப் பார்க்கிறேன். கண்ணை அகலத் திறந்தால் ஆச்சரியம். அதையே கொஞ்சம் சுருக்கினால் கோபம். கன்னத்தில் குழி விழுந்தால் காதல். சோகம் வந்தால் ஐஸில் இறங்கிவிடுவார், நாமும் சோகத்தை மறந்துவிடுவோம். ஸ்டுடியோ இதைப் புரிந்துகொண்டு ஒரு சூத்திரம் கண்டுபிடித்தது. பனி மலை அடிவாரத்தில் ஒரு விடுதி. அங்கே ஒரு வெகுளிப் பெண். வெளியூரிலிருந்து ஒரு அழகன். சின்னத் தப்பபிப்பிராயம். ஒரு டஜன் ஜோக். கடைசியில் பத்து நிமிஷம் ஐஸ். சுபம். பெயரை மட்டும் மாற்றி மாற்றி வெளியிட்டார்கள்.

முதல் படம் ‘ஒன் இன் எ மில்லியன்’, 1936 கடைசியில். கதையைக் கேளுங்கள். சுவிட்சர்லாந்து விடுதிக்காரரின் மகள் ஒலிம்பிக்ஸுக்குப் பயிற்சி எடுக்கிறாள். அப்பாவும் முன்னாள் வீரர்தான். ஆனால் காசு வாங்கிவிட்டார் என்று அவருடைய மெடலைப் பிடுங்கிவிட்டார்கள். எனவே மகள் அமெச்சூர் விதியை மீறாமல், ஒரு பைசா கைபடாமல் ஜெயிக்க வேண்டும் என்று துடிக்கிறாள்! இந்தக் கதையை வில்ஹெல்ம் ஹேனியின் மகளுக்கு எழுதியவர் யாரோ, அவர் ஒன்று உலக மகா அப்பாவி, இல்லையென்றால் உலக மகா குறும்பர்.

படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. அடுத்த வருஷம் ‘தின் ஐஸ்’. ஹோட்டலில் ஸ்கேட்டிங் சொல்லிக்கொடுக்கும் பெண்ணாக சோன்யா, மாறுவேஷத்தில் வந்த இளவரசனாக டைரோன் பவர். கேமரா ஓடும்போது தொடங்கிய காதல் கேமரா நின்ற பிறகும் கொஞ்ச நாள் ஓடியது. டைரோன் 1939இல் வேறொரு நடிகையைக் கல்யாணம் செய்துகொண்டார். இளவரசர்கள் அப்படித்தான்.

1938ஆம் வருஷத்து அமெரிக்க வசூல் நட்சத்திரங்களின் பட்டியலில் முதலிடம் ஷெர்லி டெம்பிள், இரண்டாமிடம் கிளார்க் கேபிள், மூன்றாமிடம் சோன்யா ஹேனி. ஒருத்தி பத்து வயதுச் சிறுமி, ஒருவர் மீசை, ஒருவர் ஸ்கேட்டிங் பிளேடு. நடிப்புக் கல்லூரிகள் அந்த வருஷம் என்ன செய்துகொண்டிருந்தன என்று தெரியவில்லை.

இத்தனை படம் நடித்தும் சினிமா அவருக்குப் பக்கத்துத் தொழில்தான். பணம் காய்ச்சி மரம் வேறு. சிகாகோவின் ஆர்தர் வர்ட்ஸ் என்ற வியாபாரியுடன் சேர்ந்து ‘ஹாலிவுட் ஐஸ் ரெவ்யூ’ என்று ஊர் ஊராக ஷோ நடத்தினார். படம் ஷோவுக்கு விளம்பரம், ஷோ படத்துக்கு விளம்பரம், இரண்டுக்கும் சேர்த்து சோன்யா பொம்மை விற்பனை. இன்றைக்கு இதையெல்லாம் ‘பெர்சனல் பிராண்டிங்’ என்று கோட் போட்டவர்கள் இரண்டு நாள் வகுப்பெடுத்துக் காசு வாங்குகிறார்கள். அப்பா 1937லேயே காலமாகிவிட்டார். பேரம் பேசும் வேலையை மகளே எடுத்துக்கொண்டார். அப்பா இருந்தபோதே தேவலை என்று பல பேர் நினைத்திருப்பார்கள்.

நார்வே இதையெல்லாம் எப்படிப் பார்த்தது? ராஜா கூப்பிட்டு செயின்ட் ஓலாவ் விருது கொடுத்தார். ஜனங்கள் தியேட்டரில் கை தட்டினார்கள். ஆனால் கூடவே ஒரு நெளிவு. ஸ்காண்டிநேவியர்களுக்கு ஒரு குணம் உண்டு. அலட்டல் ஆகாது. அக்செல் சாண்டெமோசே என்ற எழுத்தாளர் 1933இல் ஒரு நாவலில் யாந்தே என்கிற கற்பனைச் சிற்றூரைப் படைத்து, அந்த ஊருக்குப் பத்துக் கட்டளைகளும் எழுதினார். பத்தின் சாரமும் ஒன்றுதான். நீ பெரிய ஆள் என்று நினைத்துக்கொள்ளாதே. நையாண்டியாகத்தான் எழுதினார், ஆனால் ஊரே ‘அட, நம்மைப் பற்றி’ என்று பிடித்துக்கொண்டது. சோன்யாவோ அதே காலத்தில் வைரமும் வெள்ளை மிங்க் கோட்டுமாக, பத்துக் கட்டளைகளையும் காலை டிபனுக்கு முன்பே மீறிக்கொண்டிருந்தார்.

1940 ஏப்ரல். ஜெர்மன் ராணுவம் நார்வேக்குள் நுழைந்தது. இப்போது அந்த போட்டோவை எடுங்கள்.

ஹேனி குடும்பத்து வீட்டில் பியானோ மேல், வருகிறவர் கண்ணில் படும்படியாக, ஹிட்லரின் கையெழுத்துப் போட்ட அந்தப் படம் நின்றது. சோதனைக்கு வந்த சிப்பாய்கள் படத்தைப் பார்த்தார்கள், விறைப்பாக நின்றார்கள், திரும்பிப் போனார்கள். ஊரில் வீடுகள் பறிபோயின, ரேடியோக்கள் பறிபோயின. ஹேனி சொத்தில் ஒரு கீறல் விழவில்லை. உலகத்தில் எத்தனையோ இன்ஷூரன்ஸ் பாலிசி உண்டு. ஒரு மதியச் சாப்பாட்டை மட்டுமே பிரீமியமாகக் கட்டி எடுத்த பாலிசி அது ஒன்றுதான்.

அதே சமயம் கனடாவின் டொரன்டோவில் ‘லிட்டில் நார்வே’ என்று ஒரு முகாம். நாட்டை விட்டுத் தப்பி வந்த நார்வே இளைஞர்களுக்கு அங்கே விமானப் பயிற்சி. அதற்கு நன்கொடை கேட்டபோது சோன்யா பிடி கொடுக்கவில்லை என்ற புகாரை நார்வேக்காரர்கள் கடைசிவரை மன்னிக்கவில்லை. 1941இல் அவர் அமெரிக்கக் குடியுரிமை வாங்கினார். அமெரிக்கா போரில் இறங்கியதும் அமெரிக்க சிப்பாய்களுக்குச் சளைக்காமல் ஷோ நடத்தினார். முன்வரிசை மாறிவிட்டதல்லவா?

இதற்கெல்லாம் மகுடம் வைத்தது ஃபாக்ஸ் கம்பெனி. அதே 1941இல் ‘சன் வேலி செரனேட்’ என்ற படம். விளம்பரத்துக்காக ஒரு இசைக்குழு, போரில் ஊரை இழந்த ஒரு அகதிக் குழந்தையைத் தத்தெடுக்கிறது. கப்பலில் வந்து இறங்குவது குழந்தை அல்ல, கல்யாண வயதில் ஒரு குமரி. எந்த நாட்டு அகதி தெரியுமோ? நார்வே. யார் நடித்தார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. வீட்டுப் பியானோ மேல் அந்தப் படம் நிற்க, திரையில் கண்ணீர் மல்க நார்வே அகதி! இதைவிட நல்ல நடிப்பை அவர் எந்தப் படத்திலும் கொடுக்கவில்லை.

படம் நன்றாக இருக்கும், அதையும் சொல்லிவிட வேண்டும். கிளென் மில்லரின் அசல் ஆர்கெஸ்ட்ராவே வருகிறது. ‘சட்டநூகா சூ சூ’ பாட்டும் நிக்கலஸ் சகோதரர்களின் ஆட்டமும் இன்றும் யூடியூபில் சுற்றிக்கொண்டிருக்கின்றன. கடைசியில் ஐஸுக்குக் கறுப்புச் சாயம் போட்டுக் கண்ணாடி மாதிரி பளபளவென்று ஆக்கி, அதன் மேல் வெள்ளை உடையில் சோன்யாவை ஆட விட்டார்கள். பார்க்கப் பிரமாதம். ஆடுபவருக்குத்தான் பிரச்னை. அவர் அதில் விழுந்து தலையிலிருந்து கால்வரை சாயத்தில் குளித்துவிட்டதாகவும், மறுபடி எடுக்கலாம் என்றதற்கு ஸானக், எடுத்தவரை போதும் என்று மூட்டை கட்டச் சொல்லிவிட்டதாகவும் ஸ்டுடியோ கதை ஒன்று உண்டு. சோன்யா இரண்டாவது வாய்ப்பு கேட்டுக் கிடைக்காமல் போன கதை என்பதாலேயே ஹாலிவுட் அதை ஆசை ஆசையாகத் திரும்பத் திரும்பச் சொல்கிறது.

போர் முடிவதற்குள் சூத்திரம் சலித்துவிட்டது. விடுதி, வெகுளிப் பெண், அழகன், ஐஸ். 1948க்குப் பிறகு ஹாலிவுட் கூப்பிடவில்லை.

கல்யாணங்களை வேகமாகக் கடந்துவிடுவோம், அவரே அப்படித்தான் கடந்தார். முதலில் டான் டாப்பிங், பெரும் பணக்கார வாரிசு, பின்னாளில் நியூயார்க் யாங்கீஸ் பேஸ்பால் அணியின் முதலாளிகளில் ஒருவர். 1940இல் கல்யாணம், 1946இல் விவாகரத்து. அடுத்து வின்த்ராப் கார்டினர், இன்னொரு பரம்பரைப் பணக்காரர். 1949இல் வந்தார், 1956இல் போனார்.

அதற்கு நடுவே பார்ட்னர் வர்ட்ஸோடு சண்டை. நீ இல்லாவிட்டால் நான் என்று சோன்யா சொந்தமாக ஷோ ஆரம்பித்தார். நான் இல்லாவிட்டால் இன்னொருத்தி என்று வர்ட்ஸ், கனடாவின் ஒலிம்பிக் சாம்பியன் பார்பரா ஆன் ஸ்காட்டைக் கூட்டி வந்தார். பிறகு 1952இல் பால்டிமோரில் ஷோ தொடங்கும் முன் பார்வையாளர் மேடை சரிந்து இருநூறு பேருக்கு மேல் காயம். வழக்கு, நஷ்டம், அவப்பெயர். அவர் சுழன்றுகொண்டிருந்த மேடைகளில் எதுவும் அதுவரை சரிந்ததில்லை. சொந்த ஷோ எழுந்திருக்கவில்லை.

மறுவருஷம் தைரியமாக ஆஸ்லோவுக்கே ஷோ நடத்தப் போனார். பழைய வசவெல்லாம் அப்படியே இருந்தது. ஊர்க்காரர்கள் முறைத்துக்கொண்டே போய் க்யூவில் நின்றார்கள். டிக்கெட் வாங்கினார்கள். கைதட்டினார்கள். நார்வேக்காரர்களுக்குக் கொள்கை முக்கியம்தான், ஆனால் சோன்யா ஹேனி ஐஸில் இறங்கும்போது வீட்டில் உட்கார்ந்திருக்கும் அளவுக்கு அல்ல.

மூன்றாவது கணவர் நீல்ஸ் ஒன்ஸ்டாட், நார்வே கப்பல் முதலாளி. சின்ன வயதிலேயே தெரிந்தவர். இந்தக் கல்யாணம் கடைசிவரை நின்றது. மனிதர் ஓவியப் பைத்தியம். இவருடைய சகவாசத்தில் சோன்யா வீட்டிலிருந்த பழங்கால ஓவியங்களைத் தள்ளிவிட்டு நவீன ஓவியம் வாங்க ஆரம்பித்தார். மாட்டீஸ், பிகாசோ, மீரோ, போனார். ஒரு கட்டத்தில் வீட்டுச் சுவர் தீர்ந்துபோயிற்று. ஆஸ்லோவுக்கு வெளியே ஹோவிகோடனில், கடலோரமாக, சுமார் 110 ஓவியங்களோடு ஒரு கலை மையமே கட்டி 1968இல் நாட்டுக்குக் கொடுத்தார்கள். லிட்டில் நார்வேக்குக் கொடுக்காத நன்கொடையை வட்டியும் முதலுமாகக் கட்டிவிட்டார் என்று சிலர் சமாதானமானார்கள். கட்டடத்தின் பெயர் ‘ஹேனி ஒன்ஸ்டாட்’. கணவர் பெயர் இரண்டாவதாகத்தான் வருகிறது என்பதைக் கவனித்திருப்பீர்கள்.

பிகாசோ பார்க்கப் போகிறவர்கள் கீழே இறங்கினால் இன்னொரு அறை. அங்கே சோன்யாவின் கோப்பைகளும் மெடல்களும், சுவர் கொள்ளாமல், கண் கூசக் கூச. நவீன ஓவிய ரசிகர்கள் நாசூக்காக அந்தப் பக்கம் எட்டிப் பார்த்துவிட்டு, நாசூக்கை மறந்து அங்கேயே நின்றுவிடுவார்கள் என்பது வீட்டம்மாவின் கணக்கு.

1969 அக்டோபரில் ரத்தப் புற்றுநோயில் காலமானார். வயது 57தான். 1985இல் அண்ணன் லெய்ஃப் ஒரு எழுத்தாளரோடு சேர்ந்து தங்கையைப் பற்றிப் புத்தகம் போட்டார். கோபம், குடி, கஞ்சத்தனம், காதல்கள் எல்லாவற்றையும் கொட்டித் தீர்த்தார். அத்தனை நாள் ஒரே கல்லாவில் இருந்துவிட்டுத் தனிக் கணக்கு ஆரம்பித்த அண்ணனைக் குறை சொல்ல முடியாது. 2018இல் நார்வேக்காரர்களே அவர் கதையைப் படமாகவும் எடுத்தார்கள்.

அதற்கும் முன்பே இன்னொரு மரியாதை கிடைத்துவிட்டது. ‘நார்வீஜியன்’ என்ற மலிவுக் கட்டண விமானக் கம்பெனி, நாட்டின் பெருமைக்குரியவர்களின் முகத்தைத் தன் விமானங்களின் வாலில் வரைந்து பறக்க விடுகிறது. சோன்யாவுக்கும் இடம் கிடைத்தது. கம்பெனி வாங்கிய முதல் ட்ரீம்லைனரின் வாலில் அவர்தான் சிரித்துக்கொண்டிருந்தார். உயிரோடு இருந்திருந்தால் அடுத்த ஃபோனில் முதலாளியைப் பிடித்திருப்பார். வால் எதற்கு, மூக்கு என்ன ஆச்சு? அப்புறம், என் முகத்துக்கு டிக்கெட் ஒன்றுக்கு எவ்வளவு?